செவ்வாய் ஐந்து முப்பத்தொன்று

எனக்கு விடுப்பு, அதாவது அடுத்தவர் விசயத்தை அறியும் ஆவல், அதிகம். இதை மறைத்துப் பயனில்லை, என்னோடு பத்து நிமிடம் இருந்தவர்களுக்கு அது தெரிந்துவிடும். ரயிலில் முன்னால் இருப்பவர் போனில் யாரைத் திட்டுகிறார், பக்கத்து வீட்டுக்காரர் ஏன் திடீரென்று வேலியை உயர்த்துகிறார் என்று அறியாவிட்டால் எனக்குச் சோறு இறங்காது. சின்ன வயதில் கனடாவின் சென் ஜேம்ஸ் ரவுண் அடுக்குமாடியில் இருந்த காலத்தில், லிஃப்டில் ஏறுகிறவர்களின் பைக்குள் என்ன இருக்கிறது என்று எட்டிப் பார்த்து அம்மாவிடம் குட்டு வாங்கியவள் நான். இப்போது நாற்பது தாண்டிவிட்டது. குணம் மாறவில்லை. அதற்கேற்ற வேலை ஒன்று கிடைத்துவிட்டதால் யாரும் குட்டுவதில்லை.

வீடு வீடாகப் போய் வயதானவர்களைப் பராமரிக்கிறவர்கள் தங்கள் போனில் வைத்திருக்கும் ஒரு செயலியை நான் வேலை செய்யும் நிறுவனம் செய்கிறது. பராமரிப்பாளர் ஒரு வீட்டுக்குப் போனதும் ‘வந்தேன்’ என்ற பொத்தானை அழுத்துவார். குளிக்க வார்த்தது, மருந்து கொடுத்தது, சாப்பாடு கொடுத்தது எல்லாவற்றையும் ஒரு படிவத்தில் குறிப்பார். கடைசியில் அந்த வீட்டு முதியவர் திரையில் விரலால் கையெழுத்து வைப்பார். ‘அனுப்பு’ என்று அழுத்தினால் படிவம் பராமரிப்பாளரின் ஏஜென்சிக்குப் போய்ச் சேரும்.

இந்தச் செயலி இடையில் விழுந்தால், அதாவது வேலை செய்துகொண்டிருக்கும்போதே பட்டென்று மூடிவிட்டால், ஏன் விழுந்தது என்று கண்டுபிடிப்பது என் பொறுப்பு. அதற்கென்று செயலிக்குள் ஒரு சின்ன லைப்ரரி வைத்திருக்கிறோம். வேறு யாரோ எழுதி, உலகம் முழுக்க எடுத்துப் பாவிக்கிற சில நிரல் கோப்புகள்தான் அது. எல்லாம் ஒழுங்காக ஓடும்போது அது வாய் திறக்காது. ஒரு ஓரத்தில் இருந்துகொண்டு கடைசி ஐம்பது அசைவுகளை மட்டும் குறித்துக்கொண்டே இருக்கும். எந்தத் திரை திறந்தது, எந்தப் பொத்தான் அழுத்தப்பட்டது, எத்தனை மணிக்கு. ஐம்பத்தோராவது வந்தால் முதலாவதை அழித்துவிடும். செயலி விழுகிற கணத்தில் அந்த ஐம்பதையும் பொதி கட்டி எங்களுக்கு அனுப்பிவிட்டுத்தான் தானும் விழும்.

அந்தப் பொதியில் பெயர் இருக்காது. முகவரி இருக்காது. படிவத்தில் என்ன எழுதினார்கள் என்பதும் இருக்காது. அதெல்லாம் அடுத்தவர்களின் அந்தரங்கம், எங்களுக்கு வரக்கூடாது. வருவது ஒரு எண் மட்டும். ஆள் யாரென்று தெரியாது, ஆளின் விரல் எப்போது எங்கே பட்டது என்று மட்டும் தெரியும். என்னைப்போல ஒருத்திக்கு இதைவிடப் பெரிய தண்டனை கொடுக்க முடியாது.

இந்த வருடம் மே மாதத்தில் எங்கள் குழுத் தலைவி ஒரு முறைப்பாட்டை எனக்கு அனுப்பினார். ஒரு ஏஜென்சியில் வேலை செய்யும் பராமரிப்பாளர் ஒருவரின் படிவங்கள் தொடர்ந்து காணாமல் போகின்றன. போனதாகச் சொல்லும் வீட்டுக்கு அவர் போகவேயில்லை என்று ஏஜென்சிக்காரர் நினைக்கிறார்கள். அவரோ போனேன், கையெழுத்தும் வாங்கினேன், அனுப்பினேன் என்கிறார். செயலியின் பிழையா, ஆளின் பிழையா என்று பத்து நாளுக்குள் சொல்லுங்கள், ஆளின் பிழை என்றால் அவரை வேலையிலிருந்து நிறுத்தப்போகிறோம் என்று எழுதியிருந்தார்கள்.

விட்பியில் என் சாப்பாட்டு மேசையில் மடிக்கணினியை வைத்துக்கொண்டு அந்த எண்ணிலிருந்து வந்த பொதிகளை அவிழ்த்தேன். ஒரு மாதத்துக்குள் பதினொரு தரம் செயலி விழுந்திருந்தது. ஒவ்வொரு தரமும் கதை ஒன்றுதான். கையெழுத்துத் திரை திறக்கும். அதன் பிறகு ஒரு மணித்தியாலத்துக்கு மேல் திரையில் ஒரு விரலும் படவில்லை. பிறகு கையெழுத்து. பிறகு ‘அனுப்பு’. உடனே விழும்.

இதில் கண்டுபிடிக்க அதிகம் இல்லை. நானும் ஒரு போனில் படிவத்தைத் திறந்து கையெழுத்துத் திரையில் விட்டுவிட்டு, பருப்பு அவித்து, கத்தரிக்காய் பொரித்து, ஒரு மணித்தியாலமும் இருபது நிமிடமும் கழித்து வந்து விரலால் கிறுக்கி அனுப்பினேன். விழுந்தது. ஒரு மணித்தியாலத்துக்கு மேல் திறந்து கிடக்கும் படிவத்தைச் செயலி சத்தமில்லாமல் எறிந்துவிடுகிறது. பிறகு அந்த இல்லாத படிவத்தில் கையெழுத்தை ஒட்டப் போய்த் தானே தடக்கி விழுகிறது.

இப்படி ஒரு முட்டாள்தனமான வரியை எந்த மடையன் எழுதினான் என்று பழைய பதிவுகளைத் தேடினேன். எங்கள் தொழிலில் ஒவ்வொரு வரியையும் யார் எப்போது எழுதினார் என்று பார்க்கலாம். பார்த்தேன். நான்தான். நான்கு வருடத்துக்கு முன்னால், ஒரு படிவத்தை யார் ஒரு மணித்தியாலம் திறந்து வைத்திருக்கப் போகிறார்கள் என்று நினைத்து, யாரையும் கேட்காமல் நானே போட்ட எல்லை. வீட்டில் யாரும் இல்லாதது நல்லதாகப் போயிற்று.

குழுத் தலைவியிடம் உள்ளதைச் சொன்னேன். எழுதியது யார் என்பதை மட்டும் சொல்லவில்லை. படிவம் ஒரு மணித்தியாலத்துக்கு மேல் திறந்திருந்தால் செயலி விழுகிறது, திருத்துவது சின்ன வேலை என்றேன். அவர் அதை அப்படியே ஏஜென்சிக்கு எழுதினார். விசயம் முடிந்தது என்று நினைத்தேன்.

இரண்டு நாளில் பதில் வந்தது. முடியவில்லை, மோசமாகியிருந்தது. வேலை முடிந்ததும் கையெழுத்து வாங்குவதுதானே வழக்கம், இவர் ஏன் ஒரு மணித்தியாலத்துக்கு மேல் பிந்தி வாங்குகிறார் என்று கேட்டிருந்தார்கள். அவர்களே விடையும் வைத்திருந்தார்கள். இவர் நேரத்தோடு வீட்டை விட்டுப் போய்விடுகிறார், பிறகு எங்கேயோ இருந்துகொண்டு தானே கையெழுத்தைக் கிறுக்கி அனுப்புகிறார். அதாவது கள்ளக் கையெழுத்து. நான் கொடுத்த விளக்கம் அவர்களுடைய சந்தேகத்துக்குச் சாட்சியாகிவிட்டது. வேறு காரணம் இருந்தால் சொல்லுங்கள், இல்லையென்றால் மாத முடிவோடு நிறுத்துகிறோம்.

அவர் ஏன் பிந்துகிறார் என்பது எங்கள் வேலையில்லை என்றார் குழுத் தலைவி. அவர் சொன்னது சரி. ஆனால் எனக்குள் புழு குடையத் தொடங்கிவிட்டது. என்னால் ஒரு ஆளின் வேலை போகப்போகிறது என்ற குற்ற உணர்ச்சி பாதி. மீதி, உண்மையைச் சொன்னால், அந்த நேரங்கள்.

அந்த நேரங்களைப் பார்த்த எவருக்கும் கை சும்மா இருக்காது. கையெழுத்துத் திரை திறந்த நேரம் நாளுக்கு நாள் கொஞ்சம் மாறும். கையெழுத்து வைத்த நேரம் மட்டும் மாறாது. செவ்வாய்க்கிழமை என்றால் பின்னேரம் ஐந்து முப்பத்தொன்று. வியாழக்கிழமை என்றால் நாலு மணி இரண்டு நிமிடம். வெள்ளிக்கிழமை ஒரு மணி இரண்டு நிமிடம். நாலு வாரமும் அப்படித்தான், மிஞ்சிப்போனால் ஒரு நிமிடம் முன்பின். திங்கட்கிழமைப் படிவங்கள் மட்டும் வேலை முடிந்த கையோடு ஒழுங்காக வந்து சேர்ந்ததாக ஏஜென்சியின் முறைப்பாட்டிலேயே இருந்தது. கள்ளக் கையெழுத்துப் போடுகிறவருக்கு இப்படி ஒரு மணிக்கூடு எதற்கு? கள்ளர் வசதியான நேரத்தில்தானே கள்ளம் செய்வார்கள்.

எங்கள் குழுவில் எல்லோரிடமும் கேட்டேன். ஒருவர் பஸ் நேரம் என்றார். பஸ் எந்த ஊரில் இவ்வளவு ஒழுங்காக வருகிறது என்று கேட்டதும் அவரே சிரித்துவிட்டார். இன்னொருவர் பள்ளிக்கூடத்திலிருந்து பிள்ளையை ஏற்றுகிற நேரம் என்றார். ஒரு மணிக்கு எந்தப் பள்ளிக்கூடம் விடுகிறது? டயலிசிஸ், தொலைக்காட்சித் தொடர், மருந்து நேரம் என்று நானும் ஒரு தாளில் எழுதி எழுதி வெட்டினேன். ரயிலில் போகும்போதும் அந்தத் தாள் மடியில் இருந்தது. பக்கத்தில் இருந்தவர் அதை எட்டிப் பார்த்தார். நான் கோபிக்கவில்லை, அவரும் என் சாதி.

அப்படி இருக்கையில் ஒரு புதன்கிழமை மத்தியானம் வெக்ஸ்போர்டில் இருக்கும் அம்மாவுக்குப் போன் எடுத்தேன். அவருக்குப் புதுக் கண்ணாடி வாங்கக் கூட்டிப் போவதாகச் சொல்லியிருந்தேன்.

“வெள்ளிக்கிழமை பதினொண்டரைக்கு வரட்டோ அம்மா?”

“வேண்டாம் பிள்ளை. ஒரு மணிக்குப் பிறகு வா.”

“ஏன், எங்கையும் போறீங்களோ?”

“நான் எங்கை போறது. அதுக்கு முதல் ராகு காலம். புதுச் சாமான் வாங்க வெளிக்கிடுற நேரமே அது?”

என் கையில் பேனை இருந்தது. முன்னால் அந்தத் தாள் இருந்தது. ஆனால் எனக்குத் தெரிந்த ராகு காலம் வேறு. இதிலெல்லாம் எனக்கு ஒரு துளி நம்பிக்கையும் இல்லை. ஆனாலும் அந்த வாய்ப்பாட்டைக் கேட்டுக் கேட்டே வளர்ந்தவள்.

“வெள்ளிக்கிழமை பத்தரையில இருந்து பன்னிரண்டு எல்லோ அம்மா? நீங்கள் ஒரு மணி எண்டு சொல்லுறீங்கள்?”

“அது விண்ரருக்கு. இப்ப சமர் டைம் எல்லோ, ஒரு மணித்தியாலம் கூட்ட வேணும். கவுண்மேந்து மணிக்கூட்டைத் திருப்பினால் ராகுவும் திரும்புமே? சூரியனைப் பாத்துத்தானே உது வாறது.”

“செவ்வாய்க்கிழமை எப்ப முடியுது?”

“அஞ்சரை.”

“வியாழன்?”

“நாலு மணி. ஏன் பிள்ளை, என்ன விசயம்? ஏதும் நல்ல காரியமே?”

நான் போட்ட சத்தத்தில் அம்மா பயந்துபோனார். அஞ்சரை, நாலு, ஒரு மணி. அந்த ஆள் ராகு காலம் முடிந்து ஒரு நிமிடம், இரண்டு நிமிடம் விட்டு அனுப்புகிறார்! பாதுகாப்புக்காக! எங்கள் ஆள்! எட்டு வருட வேலையில் எத்தனையோ பிழைகளைப் பிடித்திருக்கிறேன், இவ்வளவு சந்தோசம் ஒன்றிலும் வந்ததில்லை. எங்கள் குழுவில் வேறு எவராலும் இதைக் கண்டுபிடித்திருக்க முடியாது. அம்மாவைக் கூப்பிட்டுச் சம்பளத்தோடு வேலைக்கு வைக்கலாம் போலிருந்தது.

சந்தோசம் ஆற, எரிச்சல் வந்தது. வானத்தில் சுற்றும் செயற்கைக்கோளைப் பிடித்து வீட்டைக் கண்டுபிடிக்கிற ஆள், ஒரு படிவத்தை அனுப்ப ராகுவிடம் கேட்டுக்கொண்டு நிற்கிறாரே! வேலை போகப்போகிறது என்று தெரிந்தும் வாயைத் திறந்து காரணத்தைச் சொல்லாமல் இருக்கிறாரே! படித்த சனம், கனடா வந்து இத்தனை வருடம், இன்னும் இந்தப் பைத்தியம் விடவில்லை என்று கணவரிடம் பொரிந்து தள்ளினேன். அவர் நீ ஏன் அந்த ஆளோடு சண்டை பிடிக்கிறாய், ஆள் யாரென்றே உனக்குத் தெரியாதே என்று கேட்டார்.

அடுத்த நாள் குழுத் தலைவி ஏதாவது தெரிந்ததா என்று கேட்டார். எனக்குத் தெரியும். ஆனால் வாய் வரவில்லை. ராகு என்றால் ஒரு பாம்பு, நாளில் ஒன்றரை மணித்தியாலம் அதனுடையது, அந்த நேரத்தில் எங்கள் சனம் ஒன்றும் தொடங்காது என்று, கைநிறையக் கோப்பியோடு நிற்கும் அந்தப் பெண்ணுக்கு நான் எப்படிச் சொல்வேன்? எங்கள் ஆட்கள் எல்லோரையும் ஒரு மாதிரிப் பார்ப்பாரே என்று கூசியது. இன்னும் தெரியவில்லை என்றேன். அது பொய். வெட்கத்தில் சொன்ன பொய், அதுவும் ஒரு ஆளின் வேலை அதில் தொங்கிக்கொண்டிருக்கும்போது சொன்னது. இன்றைக்கும் நினைத்தால் எனக்குப் பிடிக்கவில்லை.

மாதம் முடிய ஐந்து நாள் இருக்கும்போது உதவிப் பிரிவில் இருந்து கூப்பிட்டார்கள். ஒரு அம்மா லைனில் இருக்கிறார், தமிழில்தான் விளக்கமாகப் பேச முடியுமாம், நீ பேசுவாயா என்று கேட்டார்கள். அவருடைய செயலி எண்ணைப் பார்த்தேன். அதே எண்.

வணக்கம் சொன்னதும் அவர் மூச்சு விட்ட சத்தம் கேட்டது. ஐம்பது வயதைத் தாண்டிய குரல்.

“தமிழ்ப் பிள்ளையே? கடவுளே நன்றி. தங்கச்சி, உந்த போன் அப்பால எனக்கு வேலை போகப்போகுது. நான் களவு செய்யிறன் எண்டு சொல்லுகினம்.”

“அக்கா, அப் விழுறது எங்கட பிழை. அதைத் திருத்துறம். ஆனால் முதலே நீங்கள் ஏன் எங்களுக்குச் சொல்லேல்லை?”

“விழுறதோ? அனுப்பினால் தானாய் மூடுது எண்டெல்லோ நான் நினைச்சன். வேலை முடிஞ்சுது எண்டு மூடுது எண்டு.”

எங்கள் கண்ணுக்குப் பெரிய விபத்து, அவர் கண்ணுக்கு வேலை முடிந்த அடையாளம். இதை நான் ஒருநாளும் யோசித்ததில்லை. பிறகு, அடக்க முடியாமல் கேட்டேன்.

“அக்கா, நான் ஒண்டு கேக்கிறன், கோபிக்காதேங்கோ. நீங்கள் ராகு காலம் பாத்தே அனுப்புறனீங்கள்?”

அவர் சிரித்தார். வடிவான சிரிப்பு.

“நான் வேதக்காறி, தங்கச்சி. மன்னார்க் கத்தோலிக்கம். எனக்கு ராகுவுமில்லை, கேதுவுமில்லை.”

நான் நாக்கைக் கடித்துக்கொண்டேன். நேரத்தைச் சரியாகப் பிடித்தேன், ஆளைப் பிழையாகப் பிடித்துவிட்டேன்.

“ஐயாதான் பாக்கிறவர்” என்றார். அவர் பராமரிக்கப் போகும் வீட்டில் எண்பது தாண்டிய ஒரு மனிதர் தனியாக இருக்கிறார். “அவற்ற மனுசிக்கு இஞ்சதான் ஒப்பரேசன் நடந்தது. டொக்டர்மார் அவசரம் எண்டு பேப்பரை நீட்டினவை. நேரம் பாக்காமல் ஐயா சைன் வைச்சுப்போட்டார். மனுசி திரும்பி வீட்ட வரேல்லை. அண்டையில இருந்து அந்த நேரத்தில ஒண்டிலயும் கையெழுத்து வைக்கமாட்டார். பார்சலைக் கொண்டு தபால்காரன் வந்தாலும் பிறகு வா எண்டு சொல்லுவார். அதாலதான் நான் கீழ லொபியில போய் இருந்துபோட்டு, நேரம் முடிய மேல வந்து வாங்கிறனான்.”

“ஒரு மணித்தியாலத்துக்கு மேல சும்மா இருக்கிறீங்களே அக்கா!”

“சும்மா ஏன்? செபமாலை சொல்லுவன்.”

ராகு காலம் முழுவதும் லொபியில் இருந்து செபமாலை. நான் கணவரிடம் பொரிந்த பொரியல் எல்லாம் நினைவுக்கு வந்தது. இதை ஒரு வரி எழுதி ஏஜென்சிக்குக் கொடுத்திருந்தால் போதுமே, ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன்.

“சொன்னால், கஷ்டமான வீடு எண்டு எழுதிப்போட்டு என்னை மாத்திப்போடுவினம், தங்கச்சி. தமிழ் தெரியாத ஆரையும் அனுப்புவினம். அந்தாள் ஒரு நாளில கதைக்கிறது என்னோட மட்டும்தான். நீங்களும் எழுதிப்போடாதேங்கோ. கெஞ்சிக் கேக்கிறன்.”

என்னை நன்றாகக் கட்டிப்போட்டார். காரணத்தை எழுதினால் அவருக்கு அந்த வீடு போகும். எழுதாவிட்டால் வேலையே போகும். போனை வைத்துவிட்டு அந்தப் பதினொரு பொதிகளையும் மறுபடி முதலிலிருந்து பிரித்தேன். இந்த முறை விடுப்புக்காக இல்லை.

அப்போதுதான் நான் அதுவரை கண்டுகொள்ளாமல் தள்ளிவிட்ட ஒரு வரி கண்ணில் பட்டது. ‘வந்தேன்’ என்று அழுத்தியதிலிருந்து படிவம் போகும்வரை, ஐந்து நிமிடத்துக்கு ஒரு தரம், போன் அந்த முகவரியில் இருக்கிறதா என்று செயலி பார்க்கும். எந்த முகவரி என்று எங்களுக்கு அனுப்பாது, ‘ஆம்’ அல்லது ‘இல்லை’ என்று மட்டும் குறிக்கும். நேரங்களையே பார்த்துக்கொண்டிருந்த எனக்கு இது தேவைப்படவில்லை. ஒவ்வொரு பொதியாகப் பார்த்தேன். ஆம், ஆம், ஆம். லொபியும் அதே கட்டடம்தானே. பதினொரு நாளில் ஒரு நாளில்கூட ஒரு ‘இல்லை’ இருக்கவில்லை. அந்த மனுசி ஒரு கோப்பி வாங்கக்கூட வெளியே போயிருக்கவில்லை.

குழுத் தலைவியிடம் போய் இரண்டு விசயம் சொன்னேன். அந்த ஒரு மணித்தியால எல்லையை எழுதியது நான். யாரையும் கேட்காமல், எச்சரிக்கை ஒன்றும் வைக்காமல் எழுதியது என் பிழை. இரண்டாவது, கையெழுத்துப் பிந்தியதற்குக் காரணம் எனக்குத் தெரியும், அது அந்த வீட்டுக்காரரின் சொந்த விசயம், நான் அதைச் சொல்லப்போவதில்லை. ஆனால் படிவம் போகும்வரை பராமரிப்பாளர் அந்தக் கட்டடத்தை விட்டு வெளியேறவில்லை என்பதற்குச் சாட்சி இருக்கிறது. அவர் என்னை ஒரு நிமிடம் பார்த்தார். இதையெல்லாம் நீயே எழுது, உன் பெயரையும் போடு என்றார். எழுதினேன். என் பிழை என்று எழுதிய வரியை மூன்று தரம் அழித்து எழுதினேன், அதுதான் கஷ்டமாக இருந்தது.

ஏஜென்சி ஏற்றுக்கொண்டது. தாங்களும் ஒருமுறை விசாரித்ததாகவும், காணாமல் போன படிவங்களைத் திரும்ப ஏற்பதாகவும், அவர் வேலையில் தொடர்வதாகவும் பதில் வந்தது. நான் எல்லையை மூன்று மணித்தியாலமாக மாற்றினேன். ஏன் மூன்று என்று கேட்டவர்களுக்கு, ஒன்று காணாது என்று மட்டும் சொன்னேன். யாரோ ஒரு கிழவர் மனைவியை நினைத்துக் காத்திருப்பதற்கு நான் இடம் செய்து கொடுத்திருக்கிறேன் என்று எனக்குள் ஒரு பெருமையும் இருந்தது.

ஆனால் லைப்ரரி என்பது விழுந்தால்தான் பேசும். விழாவிட்டால் எனக்கு ஒன்றும் வராது. திருத்தம் வேலை செய்கிறதா என்று பார்க்க வேண்டும் என்ற சாட்டில், படிவம் எவ்வளவு நேரம் திறந்திருந்தது, எத்தனை மணிக்குக் கையெழுத்தானது என்று மட்டும் அனுப்புகிற ஒரு வரியைச் சேர்த்தேன். வேலைக்குத் தேவைதான். விடுப்பும்தான்.

யூன் மாதம் இரண்டாவது வாரம் அதைப் பார்த்தேன். எனக்கு விளங்கவில்லை. செவ்வாய்க்கிழமை கையெழுத்து நாலு பன்னிரண்டுக்கு. வியாழக்கிழமை இரண்டு நாற்பத்தாறுக்கு. வெள்ளிக்கிழமை பதினொன்று நாற்பத்தேழுக்கு. வேலை முடிந்த கையோடு. ராகு காலத்தின் நட்டநடுவில்.

ஐயாவுக்கு ஏதாவது நடந்துவிட்டதா என்று முதலில் பயந்தேன். ஆனால் அதே நாட்களில் கையெழுத்து வந்துகொண்டுதானே இருக்கிறது. பிறகு வந்த எண்ணத்தைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் வந்தது. ஏஜென்சிக்காரர் சொன்னதுதான் உண்மையோ? காத்திருந்து காத்திருந்து அலுத்துப்போய், இப்போது இவரே கிறுக்கி அனுப்புகிறாரோ? அவருக்காக நான் என் பெயரைப் போட்டு எழுதியிருக்கிறேன். இருக்க முடியவில்லை. திருத்திய பிறகு பாவனையாளரிடம் எப்படி வேலை செய்கிறது என்று கேட்பது எங்கள் வழக்கம்தான். அடுத்த செவ்வாய்க்கிழமை ஐந்து மணிக்குக் கிட்ட உதவிப் பிரிவிடம் கேட்டு நானே அவருக்குப் போன் எடுத்தேன். அவர் பஸ்ஸில் இருந்தார். அப் நல்லாய் வேலை செய்யுது என்றார்.

“அக்கா, இப்ப மூண்டு மணித்தியாலம் வைச்சிருக்கலாம். நீங்கள் அந்த நேரத்திலயே அனுப்புறீங்கள் போல?”

“ஓம், தங்கச்சி. ஒப்பீசில இருந்து ஐயாவுக்கு எடுத்துக் கேட்டிருக்கினம், நான் ஒழுங்காய் வாறனானோ, கையெழுத்து ஏன் பிந்துது எண்டு. அப்பதான் அவருக்குத் தெரிஞ்சது, தன்னாலதான் எனக்கு இந்தக் கரைச்சல் எண்டு. அடுத்த முறை நான் கீழ போக வெளிக்கிட, ‘பிள்ளை, உதைக் கொண்டாரும்’ எண்டார். இன்னும் நேரம் கிடக்கு ஐயா எண்டன். ‘கொண்டாரும்’ எண்டு வாங்கி வைச்சார்.”

“இனிப் பயமில்லை எண்டு சொல்லுங்கோ அக்கா. அப்பை மாத்தியாச்சு, அவர் பழையபடி காத்திருக்கலாம்.”

“சொல்லிப் பாத்திட்டன். கேக்கிறார் இல்லை. திரும்பவும் ஆரும் என்னைக் கள்ளி எண்டு சொல்லக்கூடாதாம்.”

“வைக்கேக்க அவருக்குப் பயமில்லையோ?”

“மணிக்கூட்டைப் பாத்துப் பாத்துத்தான் வைப்பார். நான்தான் போனைப் பிடிச்சுக்கொண்டு நிப்பன். தனக்குப் பயமில்லையாம். ஆனால் அண்டைக்குப் பின்னேரம் கட்டாயம் எடுத்துக் கேப்பார், ‘பிள்ளை, வீட்ட போய்ச் சேர்ந்திட்டீரோ’ எண்டு. நான் ஓம் எண்டு சொன்னால்தான் சாப்பிடுவார்.”

அடுத்த நிறுத்தத்தின் பெயரைச் சொல்லும் குரல் போனுக்குள்ளால் கேட்டது. வீட்டுக்குப் போக இன்னும் எவ்வளவு நேரம் என்று கேட்டேன். இன்னொரு பஸ் மாற வேண்டும், முக்கால் மணித்தியாலம் ஆகும் என்றார்.

“போய்ச் சேர்ந்ததும் எனக்கும் ஒருக்கா எடுங்கோ, அக்கா” என்றேன்.